அண்ணியின் முதுகு

என் அண்ணி யாருக்கும் முதுகைக் காட்டி உட்கார மாட்டாள். எங்கள் பைண்டிங் பட்டறையில் காற்று வருகிற ஜன்னலோரம் நாலு நாற்காலி இருக்கிறது. அதையெல்லாம் விட்டுவிட்டு, பசை வாளிக்குப் பக்கத்தில் சுவரோடு ஒட்டிப் போட்ட நாற்காலியைத்தான் பத்தொன்பது வருஷமாகப் பிடித்து வைத்திருக்கிறாள். பஸ்ஸில் ஏறினால் கடைசி சீட். கடை வரிசையில் பக்கவாட்டாக நிற்பாள். வெயில் கொளுத்தினாலும் கழுத்துவரை பொத்தான் போட்ட சட்டை. தைத்துக்கொண்டிருக்கும்போது பின்னால் யாராவது வந்து நின்றால் ஊசி அப்படியே நின்றுவிடும். ஆள் நகர்ந்த பிறகுதான் மறுபடி ஓடும்.

நான் அவளுக்கு நாத்தனார், அவள் புருஷனின் தங்கை. அதே பட்டறையில் கட்டிங் மெஷின் என் பொறுப்பு. அங்கே என் பெயர் கத்தி. மெஷினில் நிற்பதால் வந்த பெயர் என்று முதலாளி சொல்வார், வாயால் வந்த பெயர் என்று மற்றவர்கள் சொல்வார்கள். எப்படி வந்தால் என்ன, எனக்கு அதில் வருத்தமில்லை.

அண்ணி எங்கள் வீட்டுக்கு வந்த புதிதில் அவள்மேல் எனக்கு ஏகப்பட்ட சந்தேகம். குளிக்கப் போனால் தாழ்ப்பாளைப் போட்டது போதாதென்று, ஒரு வாளித் தண்ணீரையும் கதவுக்கு முட்டுக் கொடுப்பாள். “உன் பொண்டாட்டி எதையோ மறைக்கிறா, கேட்டு வை” என்று அண்ணனிடம் சொன்னேன். “உன் வேலையைப் பாரு” என்றான். என் வேலையை மட்டும் பார்க்கிற ஆளா நான்? ஒரு நாள் அவள் சட்டை மாற்றுகிற நேரம் பார்த்து, சீப்பு தேடுகிற மாதிரி அறைக்குள் நுழைந்துவிட்டேன். வலது தோளில் தொடங்கி இடுப்புவரை, மை கொட்டின மாதிரி, கறுத்த பெரிய மச்சம். அவள் திரும்பினாள். கத்தப் போகிறாள் என்று நினைத்தேன். “பாத்துட்டியா? போ” என்று மட்டும் சொன்னாள். சீப்பை எடுக்காமலே வெளியே வந்தேன்.

ரொம்ப வருஷம் கழித்து, ஒரு மழைநாளில் கரண்ட் போய் பட்டறையே சும்மா உட்கார்ந்திருந்தபோது, அவளாகவே அந்தக் கதையைச் சொன்னாள். எட்டு வயதில் அவளுக்குக் காய்ச்சல். டாக்டருக்குப் படிக்கிறவர்கள் இருக்கும் பெரிய ஆஸ்பத்திரிக்கு அவள் அம்மா கூட்டிக்கொண்டு போயிருக்கிறாள். “மூச்சைப் பாக்கச் சட்டையைத் தூக்கினாரு டாக்டர். அவ்ளோதான், காய்ச்சலை மறந்துட்டாரு” என்றாள் அண்ணி. அம்மாவை வெளியே உட்கார வைத்துவிட்டு, முப்பது பேர் முன்னால் அவளைத் திருப்பி நிறுத்தினார்களாம். ஒருவர் குச்சியால் தொட்டுத் தொட்டுப் பாடம் நடத்தினாராம். கேமராக்காரர் ஒருவர் வந்து, முதுகுக்குப் பக்கத்தில் ஒரு ஸ்கேலை வைத்துப் படம் எடுத்தாராம். பெயரைக்கூட யாரும் கேட்கவில்லை. “கடைசியில காய்ச்சலுக்கு மாத்திரை வாங்கிக் குடுத்தது யாரு தெரியுமா? தரை துடைக்க வந்த அம்மா. அவங்கதான் ‘ஏன் பாப்பா நடுங்குறே’ன்னு கேட்டாங்க.”

அதற்கப்புறம் ஆஸ்பத்திரி என்றாலே ஆகாது. பிள்ளை பெறப் போனபோதுகூட டாக்டரம்மாவிடம், “முன்னாடி என்ன வேணா பண்ணுங்க. என்னைத் திருப்பினீங்கன்னா எந்திரிச்சு வீட்டுக்குப் போயிடுவேன்” என்று சொன்னவள் அவள். அந்த நிலையிலும் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அண்ணன்தான் முறைத்தான்.

இதெல்லாம் தெரிந்தால்தான் அந்தப் படக்காரி வந்தபோது எங்களுக்கு என்ன ஆயிற்று என்று புரியும்.

படக்காரி என்று பெயர் வைத்ததும் நான்தான். கதவளவு பெரிய பையைத் தூக்கிக்கொண்டு ஒரு காலையில் பட்டறைக்குள் வந்தாள். ஐம்பது வயது இருக்கும், கட்டையாக வெட்டிய நரைமுடி, நகத்திலெல்லாம் சாயம். வந்தவள் முதலாளியிடம் பேச வேண்டியதுதானே? இல்லை. ஒவ்வொரு மேஜையாக நின்று எங்களைப் பார்த்தாள். தையற்காரிகளின் விரல்களைப் பார்த்தாள், பசை தடவுகிறவரின் முழங்கையைப் பார்த்தாள், என் மெஷினைப் பார்த்துவிட்டு என்னையும் ஏற இறங்கப் பார்த்தாள். சின்ன நோட்டு ஒன்றில் ஏதோ கிறுக்கினாள். துணிக்கடையில் அளவெடுக்கிறவர்களுக்குத்தான் அப்படி ஒரு கண் இருக்கும். வேலை கொடுக்க வந்தவளுக்கு எதற்கு?

மூன்று புத்தகம், ஒவ்வொன்றிலும் பன்னிரண்டு பிரதி, எல்லாமே கையால் தைக்க வேண்டும் என்றாள். மூன்றுக்கும் சேர்த்து ஒரே தலைப்பு, ‘பிறத்தியார்’. முதல் புத்தகத்தில் பூச்சியின் இறகு, இலை, மனிதத் தோல் எல்லாவற்றையும் மைக்ராஸ்கோப்பில் பார்த்து வரைந்திருந்தாள். எது தோல், எது இறகு என்று யாராலும் சொல்ல முடியாது. இரண்டாவதில், அந்தக் காலத்தில் கப்பலில் போனவர்கள் தூரதேசத்து ஜனங்களை எப்படியெல்லாம் கற்பனை செய்தார்கள் என்று வரைந்திருந்தாள். நெஞ்சில் மூஞ்சி வைத்த மனிதன், ஒரே காலோடு குதிக்கிறவன். எதிர்ப்பக்கத்தில் அந்த ஜனங்கள் கப்பல்காரர்களை எப்படிப் பார்த்திருப்பார்கள் என்று, சிவந்த மூக்கும் உடம்பெல்லாம் ரோமமுமாக. அதைப் பார்த்து நாங்கள் கொஞ்சம் சிரித்தோம். ஒருத்தன் எங்கள் முதலாளி ஜாடையில் இருந்தான்.

“மூணாவது?” என்று கேட்டார் முதலாளி.

“ஆஸ்பத்திரிப் படங்க. பழைய சாமான் கடையில ஒரு பெட்டி நிறைய நெகடிவ் கெடைச்சுது. பேர் எதுவும் இல்ல, வெறும் நம்பர்தான். யாரோ என்னவோ” என்றாள் படக்காரி.

நான் உடனே அண்ணியைத் திரும்பிப் பார்த்தேன். சுவரோரம் தலையைக் குனிந்து நூலுக்கு மெழுகு தேய்த்துக்கொண்டிருந்தாள். அவள் காதில் விழுந்ததா என்று தெரியவில்லை.

எங்கள் தொழிலில் ஒரு பழக்கம் உண்டு. பைண்டிங் செய்கிறவர்கள் புத்தகத்தைப் படிக்க மாட்டோம். பக்க எண்ணைப் பார்ப்போம், அடுக்குவோம், மடிப்போம், தைப்போம். பாடப்புத்தகமோ காதல் கதையோ, எங்களுக்கு எல்லாம் எண்தான். ஆனால் இந்தப் புத்தகங்களில் பக்க எண்ணே கிடையாது. எண் போட்டால் இவர் முதல், அவர் கடைசி என்று ஆகிவிடுமாம், அதனால் போடவில்லையாம். பதிலுக்கு ஒரு பட்டியல் கொடுத்தாள். தோள் ஒட்டிய இரட்டையர், அதற்கப்புறம் வெள்ளை முடிக் குழந்தை, அதற்கப்புறம் முதுகு என்று அதில் எழுதியிருக்கும். அதைப் பார்த்துப் பார்த்துத் தாள்களை வரிசைப்படுத்த வேண்டும். ஆக, ஒவ்வொரு படத்தையும் கண்ணால் பார்த்தே ஆக வேண்டும். அந்த வேலை, நிதானமான கை என்று, அண்ணிக்குப் போயிற்று.

சனிக்கிழமை பதினோரு மணி இருக்கும். மெஷினில் நின்றபடி தற்செயலாகத் திரும்பினேன். அண்ணி எழுந்து நின்றுகொண்டிருந்தாள். கையிலிருந்த தாளைச் சட்டைக்குள் செருகிக்கொண்டாள். ஒரு பழைய செய்தித்தாளை எடுத்து அந்த அடுக்கின்மேல் மூடினாள், அதற்குமேல் கத்தரிக்கோலை வைத்தாள். அப்புறம் நேரே என்னிடம் வந்தாள்.

“கொஞ்சம் ஸ்டோர் ரூமுக்கு வா.”

அட்டைக் கட்டுகளுக்கு நடுவே போய்க் கதவைச் சாத்தியதும் கேட்டாள்.

“நீ யார்கிட்டயாவது சொன்னியா?”

“எதை?”

“தெரியாத மாதிரி கேக்காதே. என் முதுகைப் பாத்தது உங்க அண்ணனும் நீயும்தான். இந்தப் பொம்பளை ஊர்ல இருக்கற பைண்டிங் கடையை எல்லாம் விட்டுட்டு, இங்க எதுக்கு வந்தா?”

“ஐயோ அண்ணி, என் வாய் நீளம்தான், ஒத்துக்கறேன். அதுக்காக இதைப் போய்...” எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. கோபமும்கூட. இருபது வருஷம் ஒரே அடுப்பில் சமைத்துச் சாப்பிட்டவள் என்னைப் பார்த்து இப்படிக் கேட்கிறாளே என்று ஆத்திரமாக வந்தது.

அவள் சட்டைக்குள்ளிருந்து ஒரு தாளை எடுத்து நீட்டினாள். ஒரு சிறுமியின் முதுகு. கேமராவுக்கு முதுகைக் காட்டி நிற்கிறாள், முகம் தெரியாது. தோளிலிருந்து இடுப்புவரை கறுப்பு. பக்கத்தில் ஸ்கேல்.

“இது நானா?”

“உங்களுக்கே தெரியாதா?”

“என் முதுகை நான் எங்கடி பாத்திருக்கேன்? ரெண்டு கண்ணாடி வச்சுப் பாக்கலாம்னு உங்க அண்ணன் சொன்னாரு. எனக்கு வேணாம்னுட்டேன்.” தாளை என் கையில் திணித்தாள். “நான்தான்னா எடுக்கச் சொல்லணும். எடுக்கச் சொன்னா ஏன்னு கேப்பாங்க. என் முதுகுதான்னு சொல்லணும். சொல்லிட்டா, நாளையிலேர்ந்து இந்தப் பட்டறையே என் முதுகைப் பாக்கும். சொல்லாம விட்டா, இவ அதைக் கண்காட்சியில வச்சு ஊரே பாக்கும். ரெண்டுல எதுன்னு எனக்குத் தெரியணும். பாத்துச் சொல்லு.”

சொல்லிவிட்டுத் திரும்பி நின்று, சட்டையைத் தோளிலிருந்து இறக்கினாள். அவளுக்கு அது எவ்வளவு கஷ்டம் என்று எனக்குத் தெரியும். நான் தாளைப் பக்கத்தில் பிடித்துக்கொண்டு பார்த்தேன். ஒரே பார்வையில் தெரிந்துவிட்டது. படத்தில் மச்சம் இடது பக்கம். அண்ணிக்கு வலது.

“நீங்க இல்ல. இது இடது பக்கம். வேற யாரோ பாவம்” என்றேன்.

“நல்லாப் பாரு.”

“பாத்துட்டேன் அண்ணி. போட்டுக்கங்க.”

அவள் ரொம்ப நேரம் பொத்தான் போட்டாள். நிம்மதியாகச் சிரிப்பாள் என்று எதிர்பார்த்தேன். “அப்போ என்னை மாதிரி இன்னொருத்தி இருக்கா” என்று மட்டும் சொல்லிவிட்டுப் போய்விட்டாள். போகும்போது என்னிடம் மன்னிப்புக் கேட்கவில்லை என்பதையும் நான் கவனிக்காமல் இல்லை. தாளை நான்தான் கொண்டுபோய்ச் செய்தித்தாளுக்கு அடியில் திரும்ப வைத்தேன்.

திங்கட்கிழமை அந்த அடுக்குகள் என் மெஷினுக்கு வந்தன. தைக்கிற ஓரத்தை மட்டும் நேராக வெட்டித் தர வேண்டும், மற்ற மூன்று ஓரமும் கோணல்மாணலாக அப்படியே இருக்கட்டும் என்பது படக்காரியின் உத்தரவு. ஒவ்வொரு படத்துக்கும் பன்னிரண்டு தாள். தட்டித் தட்டி அடுக்கும்போது என் கண் பழக்கத்தில் எண்ணைத்தான் தேடும். பக்க எண் இல்லாததால் ஸ்கேலில் இருந்த எண்ணில் போய் நின்றது. மூன்று திரும்பியிருந்தது. ஏழும் திரும்பியிருந்தது.

கையை மெஷினிலிருந்து எடுத்தேன். மற்ற படங்களையும் புரட்டினேன். எல்லாவற்றிலும் எண்கள் திரும்பியே இருந்தன. ஃபிலிமைத் திருப்பி வைத்துப் பிரிண்ட் எடுத்தால் இப்படித்தான் வரும். இந்தத் தொழிலில் இருந்துகொண்டு இதைச் சனிக்கிழமையே பார்த்திருக்க வேண்டாமா நான்? ஃபிலிம் திரும்பினால் இடது வலதாகும், வலது இடதாகும். அது அண்ணியேதான்.

மத்தியானம் படக்காரி வந்தாள். நான் அப்பாவி மாதிரி கேட்டேன். “மேடம், நம்பரெல்லாம் திரும்பியிருக்கே. பிரிண்டர் சொதப்பிட்டாரா?”

அவள் முகம் மலர்ந்துவிட்டது. “கவனிச்சீங்களா! வேணும்னுதான். ஒவ்வொரு படத்துக்கும் எதிர்ப்பக்கம் கண்ணாடித் தாள் வருது, முகம் தெரியற பளபளத் தாள். நேராப் பாத்தா படம் தப்பு. கண்ணாடில பாத்தாதான் சரி. அதுல பாக்கறப்போ பாக்கறவங்க மூஞ்சியும் கூடவே தெரியும். யாரு யாரைப் பாக்கறாங்கன்னு ஒரு கேள்வி வரும்.”

நல்லாத்தான் காதில் பூ சுற்றுகிறாள் என்று நினைத்துக்கொண்டு தலையை ஆட்டினேன். அவள் உடனே போகவில்லை. குரலைத் தாழ்த்தி, “சனிக்கிழமை சாயங்காலம் நான் வந்தப்போ பாத்தேன், சுவரோரம் உக்காந்து தைக்கிறாங்களே, அவங்க ஏன் ஒரு படத்து மேல மட்டும் பேப்பர் போட்டு மூடி வச்சிருந்தாங்க?” என்று கேட்டாள்.

“தூசி விழாம இருக்க” என்றேன்.

“ஓ” என்றாள். அந்த ஓவை நான் நம்பவில்லை.

அன்று முழுக்க எனக்கு வேலை ஓடவில்லை. புதன்கிழமை தையல். கண்ணாடித் தாளைச் சேர்த்துத் தைக்கப் போவது அண்ணி. அப்போது அந்த முதுகு கண்ணாடியில் நேராகிவிடும், மச்சம் வலது பக்கம் போய்விடும், ஸ்கேல் எண் சரியாகிவிடும். அவளுக்குத் தெரிந்துவிடும். இப்போதே போய்ச் சொல்லிவிடலாமா என்று இரண்டு தடவை அவள் நாற்காலிவரை போனேன். அவள் நிமிர்ந்து பார்த்தாள். “என்ன?” என்றாள். “ஒண்ணுமில்ல, நூல் இருக்கா” என்று கேட்டுவிட்டுத் திரும்பினேன். மெஷினில் நிற்கிறவளுக்கு நூல் எதற்கு என்று அவள் கேட்கவில்லை.

செவ்வாய்க்கிழமை காலை அண்ணி அரை நாள் லீவு கேட்டாள். பல்வலியாம். டாக்டர் என்றால் காத தூரம் ஓடுகிறவளுக்குப் பல் டாக்டரா? பத்து மணிக்கு முதலாளி என்னைக் கண்ணாடித் தாள் வாங்கிவர அனுப்பினார். பேப்பர் கடைத் தெரு முனையில் திரும்பினேன். எதிரே ஒரு மாடிப்படியிலிருந்து அண்ணி இறங்கி வந்தாள். அழுது முகம் வீங்கியிருந்தது. பக்கத்தில் படக்காரி. அவள் கை அண்ணியின் தோள்மேல் இருந்தது. வலது தோள்மேல்.

நான் ஒரு லாரிக்குப் பின்னால் ஒதுங்கிக்கொண்டேன். எல்லாம் எனக்குப் புரிந்துவிட்டது, அப்படித்தான் நினைத்தேன். இவள் மோப்பம் பிடித்துவிட்டாள். நைசாகப் பேசி வரவழைத்திருக்கிறாள். என் அண்ணி வாயைத் திறக்கிற ஆளில்லை, ஆனாலும் எப்படியோ கறந்துவிட்டாள். இனி படத்தில் இருப்பது இன்னார் என்று போடுவாள், கண்காட்சிக்கு வரச் சொல்வாள், திரும்பி நிற்கச் சொன்னாலும் சொல்வாள். எட்டு வயதில் பட்டது போதாதா அவளுக்கு?

மத்தியானம் அண்ணி வேலைக்கு வந்தாள். “பல்லு எப்படி இருக்கு?” என்று கேட்டேன்.

“பரவால்ல” என்றாள். என் முகத்தைப் பார்க்காமல்.

என்னிடமே பொய். சரி, அவள் சொல்ல முடியாத நிலையில் இருக்கிறாள் என்று முடிவு கட்டினேன். படத்தை எடுக்கச் சொன்னால்தானே யார் என்று கேட்பார்கள்? படமே இல்லாமல் போனால் யார் கேட்பார்கள்? அதைச் செய்ய இந்தப் பட்டறையில் ஒரே ஒருத்தியால்தான் முடியும்.

நாலு மணி டீக்கு எல்லோரும் வாசலுக்குப் போனார்கள். முதுகுப் படம் பன்னிரண்டையும் எடுத்து, ஓரம் வைக்க வேண்டிய பக்கத்தில் நடுவை வைத்து, அழுத்திப் பிடித்து, கத்தியை இறக்கினேன். ஒரே வெட்டு. தாளைத் திருப்பி வைத்துவிட்டேன் என்று யாரிடமும் சொல்லிக்கொள்ளலாம், எங்கள் தொழிலில் நடக்கிற தப்புதான். ஆனால் எனக்கு அது போதவில்லை. ஒட்டிவிடுவாளே அந்தப் பொம்பளை என்று தோன்றியது. மறுபடி வைத்து, விரல் அகலத்துக்கு விரல் அகலம், முழுக்க நறுக்கினேன். கழிவுத் தாள் மூட்டையில் போட்டுக் கையால் கலக்கிவிட்டேன். அரைமணி நேரத்தில் கழிவு வண்டி வந்து மூட்டையை அள்ளிக்கொண்டு போனது.

முதலாளி கத்தியதைக் கேட்க வேண்டுமே. “இத்தனை வருஷத்துல ஒரு தாள் கெடுத்ததில்லையே நீ! இந்த அம்மாவுக்கு நான் என்ன பதில் சொல்றது?” தலையைக் குனிந்து வாங்கிக்கொண்டேன். உள்ளுக்குள்ளே எனக்கு ஒரே பெருமை. யாருக்கும் சொல்லாமல் அண்ணியைக் காப்பாற்றிவிட்டேன். அவளைச் சுவரோரம் தேடினேன். நூல் வாங்க அவளைக் கடைக்கு அனுப்பியிருந்தார்கள். அங்கிருந்தே வீட்டுக்குப் போய்விட்டாள். வீட்டில் அண்ணன் இருந்ததால் நானும் பேச்செடுக்கவில்லை.

புதன்கிழமை காலை அண்ணி எனக்கு முன்னாலேயே பட்டறைக்குக் கிளம்பிவிட்டாள். நான் போய்ச் சேர்ந்தபோது படக்காரியும் வந்திருந்தாள். முதலாளி விஷயத்தைச் சொல்லி முடித்திருந்தார். அவள் சண்டை போடுவாள் என்று நான் நாக்கைத் தீட்டிக்கொண்டு வந்திருந்தேன். அவள் என்னைத் திட்டவே இல்லை. ஸ்டூலில் உட்கார்ந்து, அண்ணியை நிமிர்ந்து பார்த்தாள். அண்ணி சுவரோர நாற்காலியில் இல்லை. பட்டறை நடுவில், எல்லோருக்கும் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றாள்.

“பன்னெண்டுமா?” என்று அண்ணி என்னிடம் கேட்டாள். “ஒண்ணுகூட இல்லையா?”

அவளை ஸ்டோர் ரூமுக்கு இழுத்துக்கொண்டு போனேன். “அண்ணி, பயப்படாதீங்க. தப்பா வெட்டல, வேணும்னுதான் வெட்டினேன். அது நீங்கதான். படம் திரும்பியிருந்துச்சு, அதான் அன்னைக்கு எனக்குத் தெரியல. இனிமே யாரும் பாக்க முடியாது. உங்க பேரு எங்கயும் வராது.”

“நான்தான்னு எனக்குத் தெரியும்” என்றாள் அண்ணி. “பத்தொன்பது வருஷமா தாள் அடுக்கறவ. மத்த படங்கள்ல ஸ்கேல் நம்பரெல்லாம் திரும்பியிருந்தா எனக்குத் தெரியாதா? சனிக்கிழமை சாயங்காலமே தெரியும். திங்கக்கிழமை நீ ரெண்டு தடவை வந்து நின்னே. இப்போ சொல்லுவா, இப்போ சொல்லுவான்னு பாத்தேன். நூல் கேட்டுட்டுப் போனே.”

நான் கதவை இன்னும் இறுக்கிச் சாத்தினேன்.

“அதனாலதான் நானே போனேன். அவங்க வீட்டுப் படியேறி, ‘இது என் முதுகு’ன்னு சொன்னேன். என் வாயால சொன்னேன்டி. அவங்க உடனே எடுத்துடறேன்னாங்க. எடுக்கவா வேணாமான்னு என்னைக் கேட்டாங்க. அப்படி ஒரு கேள்வியை எங்கிட்ட யாரும் கேட்டதில்ல. ஒரு மணி நேரம் அழுதேன். அப்புறம், இருக்கட்டும்னு சொன்னேன். நெகடிவை என் கையில வாங்கினேன். கம்ப்யூட்டர்ல இருந்ததையும் என் கண் முன்னால அழிக்கச் சொன்னேன். நெகடிவைத் துண்டு துண்டா வெட்டிட்டு வந்தேன். இந்தப் பன்னெண்டுதான் இருக்கணும், வேற எங்கயும் இருக்கக்கூடாது, அதை நானே தைப்பேன்னு சொல்லிட்டு வந்தேன்.”

“அண்ணி, நான் உங்களுக்காகத்தான்...”

“அந்த டாக்டரும் நல்லதுக்குத்தான் திருப்பி நிறுத்தினாரு” என்றாள் அண்ணி. “என்னை ஒரு வார்த்தை கேட்டியா நீ?”

நான் கழிவு வண்டி, கிடங்கு, மூட்டை என்று என்னென்னவோ உளறினேன். இப்போதே ஓடிப் போய்த் தேடுகிறேன் என்றேன். அவள் தலையை ஆட்டி மறுத்தாள். அவள் கோபப்பட்டிருந்தால் பரவாயில்லை, எனக்குப் பதில் சொல்லத் தெரியும். அட்டைக் கட்டின்மேல் உட்கார்ந்து, என்னையும் பக்கத்தில் உட்காரச் சொன்னாள்.

“அன்னைக்கு நான் பயத்துல ஒரு செகண்டு பாத்தேன், மச்சத்தைத்தான் பாத்தேன். அதுக்கப்புறம் தாளைத் தொடல. தச்சு முடிச்சுட்டு, கண்ணாடித் தாள்ல வச்சு நிதானமாப் பாக்கலாம்னு இருந்தேன். அன்னைக்கு நான் அழுதுட்டே நின்னதாத்தான் இத்தனை வருஷமா நெனச்சிட்டிருக்கேன். அவங்க என்ன சொன்னாங்க தெரியுமா? ‘அந்தப் பொண்ணு அழற மாதிரி இல்லங்க, அவ ரெண்டு கையையும் பாருங்க’ன்னாங்க. அதுக்கு மேல சொல்லாதீங்க, நானே பாத்துக்கறேன்னு நான்தான் தடுத்துட்டேன்.” அவள் என் மணிக்கட்டைப் பிடித்தாள். “அவங்க நேத்து வந்தவங்க. நீ வீட்டு மனுஷி, நீ சொல்லு. நீ நல்லாப் பாத்திருப்பே. என் கை எப்படி இருந்துச்சு? நான் எப்படி நின்னேன்?”

நான் வாயைத் திறந்தேன். மச்சம் கண்முன்னால் வந்தது. திரும்பிய மூன்றும் திரும்பிய ஏழும் வந்தன. சனிக்கிழமை பார்த்தபோது இடதா வலதா என்று பார்த்தேன், திங்கட்கிழமை எண்ணைப் பார்த்தேன், செவ்வாய்க்கிழமை எங்கே கத்தி இறங்க வேண்டும் என்று பார்த்தேன். அந்தச் சிறுமியின் கை எங்கே இருந்தது என்று எவ்வளவு யோசித்தும் எனக்கு வரவில்லை. ஏதாவது ஒரு பொய் சொல்லலாம் என்றுகூட நினைத்தேன். அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“தெரியல அண்ணி” என்றேன். “நான் பாக்கல.”

“அத்தனை தடவை கையில எடுத்தியேடி” என்றாள் அண்ணி.